பஸ் தடத்தில் டாக்சி போகலாமா?

சாலையில் கோடு போட்டுப் பேருந்துக்கென ஒதுக்கிய பகுதிதான் பஸ் தடம். வேலூர்–காட்பாடி ரோட்டில் பஸ், ஆட்டோ, கார் எல்லாம் தனித் தடமின்றி ஒரே நெரிசலில்தான் ஊர்கின்றன. அதனால் இந்தக் கேள்வி வெளியூர் போகும்போதுதான் எழும்.

ஒரு பஸ்ஸில் ஐம்பது பேர், ஒரு டாக்சியில் இரண்டு மூன்று பேர். கோயிலில் சிறப்பு வரிசைக்குள் எல்லோரையும் விட்டால் அதுவும் பொது வரிசைதானே?

டெல்லியில் 2022 ஏப்ரல் முதல், குறித்த சாலைகளில், பேருந்துக்கும் சரக்கு வண்டிக்கும் மட்டுமே அத்தடம். மீறினால் அபராதம் உண்டு. லண்டனில் கை காட்டி நிறுத்தும் கறுப்பு டாக்சிகள் பெரும்பாலான பஸ் தடங்களில் போகலாம். முன்பதிவு வாடகைக் கார்கள் ஆள் ஏற்ற, இறக்க மட்டும் நுழையலாம். பலகையிலுள்ள நேரத்தையும் பாருங்கள், அது முடிந்தால் தடம் எல்லோருக்கும்.

மஞ்சள் நம்பர் பிளேட் இருந்தாலே பஸ் தடத்தில் போகலாம் என்று பலர் நினைக்கிறார்கள். அந்தப் பிளேட் வாடகை வண்டி என்பதற்கான அடையாளம், தடத்துக்கான அனுமதி அல்ல.