கதாநாயகன் ஆகாமலேயே ஒரு நடிகர் உச்சம் தொட முடியுமா?

முடியும். பிரிட்டனின் பீட் பாசில்த்வெயிட்டைப் பார்த்தால் இந்தக் கேள்விக்கே இடமிருக்காது. துருத்திய கன்ன எலும்புகள், குழி விழுந்த கன்னங்கள். நாயக முகம் என்று எவரும் சொல்லிவிட மாட்டார்கள். 1946இல் வாரிங்டனில் பிறந்தவர், ஆசிரியராக இருந்துவிட்டு நடிப்புக்கு வந்தார். லிவர்பூலின் எவ்ரிமேன் நாடக அரங்கில்தான் பட்டை தீட்டப்பட்டார். பிரிட்டிஷ் நடிகர்களான பில் நை, ஜூலி வால்டர்ஸ் ஆகியோரும் அங்கே வளர்ந்தவர்களே.

1993இல் வெளிவந்த 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்' படத்தை அவசியம் பாருங்கள். செய்யாத குற்றத்துக்காக மகனோடு ஒரே சிறை அறையில் அடைபடும் தந்தை கியூசெப்பே கான்லன் வேடம் அவருக்கு. குரலை உயர்த்துவதே அரிது. நோயில் மூச்சு வாங்கும்போதும் தளராத அந்தக் கண்களிலேயே பாத்திரத்தின் மானம் முழுவதும் தெரியும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்கிறது. சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை அவருக்குக் கிடைத்தது.

அதே மனிதர்தான் 'ஷார்ப்' தொலைக்காட்சித் தொடரில், பார்ப்பவர் குலைநடுங்கும் கொடிய சார்ஜென்ட் ஹேக்ஸ்வில். 'பிராஸ்டு ஆஃப்' படத்தில் மூடப்படும் சுரங்கத்தின் தொழிலாளர்கள் நடத்தும் இசைக்குழுவுக்குத் தலைவர். பிறகு ஸ்பீல்பெர்க்கின் 'தி லாஸ்ட் வேர்ல்ட்', 'அமிஸ்டாட்' என ஹாலிவுட்டும் அழைத்தது. இருந்தும் மேடையை அவர் விடவில்லை. 2008இல் அதே எவ்ரிமேனுக்குத் திரும்பி ஷேக்ஸ்பியரின் லியர் மன்னனாக நின்றார். 2010இல் 'இன்செப்ஷன்' படத்தில் மரணப் படுக்கையில் கிடக்கும் தந்தையாகச் சில நிமிடங்களே வந்தார். 2011 ஜனவரியில் காலமானார்.