பௌதிகவியல் படித்த பிள்ளைக்கு அணு ஆயுதத் தடுப்பில் வேலை கிடைக்குமா?

புதுக்குடியிருப்பிலிருந்து ஒரு தங்கச்சி கேட்டிருக்கிறார். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் பௌதிகவியல் முடித்துவிட்டு ரியூசன் எடுக்கிறார். அணு ஆயுதம் பரவாமல் தடுக்கிற விஞ்ஞானியாக வர ஆசை. ஆனால் சின்ன வயதில், போரில் இடம்பெயர்ந்தவர்களை வைத்திருந்த மெனிக் பாம் முகாமில் இருந்தவளை யார் எடுப்பார்கள் என்ற பயம். பழைய இரும்பு வியாபாரம் செய்யும் அப்பா வேறு, "பட்டது காணாதா, இன்னும் குண்டோடு என்ன வேலை" என்கிறாராம்.

முதலில் அப்பாவுக்கு. இந்த வேலையில் குண்டைக் கண்ணால் காண்பவர் மிகக் குறைவு. இது பெரும்பாலும் கணக்குப் பார்க்கிற வேலை: இவ்வளவு யுரேனியம் வாங்கினோம், இவ்வளவு எரித்தோம், மிச்சம் இங்கே என்று ஒரு நாடு எழுதிக் கொடுக்கும், வியன்னாவிலுள்ள சர்வதேச அணுசக்தி முகவரகத்தின் பரிசோதகர் போய் அளந்து பார்ப்பார். 8 கிலோ புளூட்டோனியம் கணக்கில் குறைந்தாலே ஒரு குண்டுக்குப் போதுமானது காணவில்லை என்றுதான் எடுத்துக்கொள்வார்கள்.

எனக்கு இதில் மிகவும் பிடித்தது துணி. பரிசோதகர் ஒரு சிறிய பருத்தித் துணியால் இயந்திரத்தையும் சுவரையும் துடைத்து, பைக்குள் பை போட்டு மூடி, வியன்னாவுக்குப் பக்கத்துச் சைபர்ஸ்டோர்ஃப் ஆய்வுகூடத்துக்கு அனுப்புவார். கண்ணுக்குத் தெரியாத ஒரு துகளில் யுரேனியம்-235, அதாவது எளிதில் பிளவுபடும் யுரேனிய வகை, எத்தனை வீதம் என்று அங்கே பார்க்கிறார்கள். இயற்கையில் 0.7 வீதம், மின் உலைக்கு வழமையாக 3 முதல் 5 வரை, ஆயுதத்துக்கு 90 அளவில். வெள்ளையடித்து மறைத்தாலும் துகள் காட்டிக்கொடுத்துவிடும். ஆனாலும் அவசரப்படக் கூடாது. ஈரானில் அகப்பட்ட செறிவு கூடிய துகள்களில் பெரும்பாலானவை வெளிநாட்டில் வாங்கிய உதிரிப்பாகங்களோடு வந்தவை என்ற விளக்கத்தை முகவரகத்தின் 2005 ஆய்வும் பெருமளவு ஆதரித்தது.

அப்பாவின் தொழிலும் இதற்கு வெளியே இல்லை. 1987 இல் பிரேசிலின் கொயானியாவில், கைவிடப்பட்ட சிகிச்சை நிலையமொன்றிலிருந்து கழற்றிய இயந்திரப் பாகம் பழைய இரும்புக் கடைக்குப் போனது. உள்ளே சீசியம்-137 என்ற கதிரியக்கப் பொருள். இருட்டில் நீலமாக மினுங்குகிறதே என்று சொந்தக்காரருக்கெல்லாம் பங்கு கொடுத்தார்கள். நான்கு பேர் இறந்தார்கள், அதில் ஒன்று ஆறு வயதுப் பிள்ளை. வெடிக்காத ஷெல்லைக் கண்டால் ஒதுங்க வன்னியில் யாருக்கும் சொல்லித்தர வேண்டாம், இது அப்படிப் பழகிய சாமான் இல்லை. கதிரியக்கத்தைக் காட்டும் மூன்றிதழ் அடையாளம் போட்ட எதுவோ, அளவுக்கு மீறிப் பாரமான ஈய உருளையோ வந்தால் வெட்டாமல், தள்ளி நின்று பொலிசுக்கு, 119 க்கு அடிக்கச் சொல்லுங்கள்.

சரி, வழி. கொழும்புப் பல்கலைக்கழகத்தில் அணு விஞ்ஞானத்துக்குத் தனித் துறையே இருக்கிறது, முதுமாணிக்கு அங்கே விசாரியுங்கள். காமா திருசியம் (எந்தச் சக்தியில் எவ்வளவு காமாக் கதிர் வருகிறது என்று காட்டும் வரைபு) எடுத்து வாசிக்க நன்றாகப் பழகுங்கள், கொஞ்சம் பைதான் கணினி மொழியும். 2014 சட்டத்தின்கீழ் வந்த அணுசக்தி ஒழுங்குபடுத்தும் பேரவையும் நம் நாட்டில் இருக்கிறது. 2021 இல் அம்பாந்தோட்டைக்குள் யுரேனியம் சேர்மத்தோடு வந்த கப்பல் அறிவிக்காமல் வந்ததால் திருப்பி அனுப்பப்பட்டது ஞாபகமிருக்கலாம். நிலநடுக்கவியல் பிடிக்குமென்றால் அதற்கும் இடமுண்டு: அணு வெடிப்பை உலகெங்கும் செவிமடுக்கும் வலையமைப்பில் பல்லேகலை நிலையமும் சேர்த்தி.

மெனிக் பாம் பற்றி. முகாமில் இருந்தது குற்றப்பதிவு இல்லை, தங்கச்சி. அமெரிக்க ஆயுத ஆய்வுகூடங்களில் இரகசிய அனுமதி வேண்டிய வேலைகள் அந்த நாட்டுக் குடிமக்களுக்குத்தான். அந்தக் கதவு கொழும்பு 7 பணக்காரப் பிள்ளைக்கும் பூட்டித்தான் கிடக்கிறது. முகவரகம் அப்படியில்லை, இலங்கை 1957 இலிருந்தே அங்கத்துவ நாடு. அங்கே பெண்களுக்கென்று மேரி கியூரி புலமைப்பரிசில் உண்டு. முதுமாணிப் படிப்புக் கட்டணத்துக்கு 20,000 யூரோ வரை, வாழ்க்கைச் செலவுக்கு இன்னொரு 20,000 வரை. வளர்ந்துவரும் நாடுகளின் இளம் பட்டதாரிகளைப் பரிசோதனை வேலைக்குப் பழக்கும் பயிற்சித் திட்டமும் தனியே இருக்கிறது. புலமைப்பரிசிலுக்கு முதுமாணி அனுமதி கையில் வேண்டும், ஆகவே முதலில் பல்கலைக்கழகங்களுக்கு எழுதுங்கள். அனுமதி வரும்வரை ரியூசனை விடவேண்டாம்.