வயலில் இறங்குவது யார்?

கேள்வி: மன்னார்குடிப் பக்கம் எங்களுக்கு மூன்று ஏக்கர் நஞ்சை இருக்கிறது, அப்பா சுயமாகச் சம்பாதித்து வாங்கியது. 2016இல் உயில் எதுவும் எழுதாமல் இறந்துவிட்டார். அம்மா அண்ணனோடு இருக்கிறார். அண்ணன் டவுனில் உரக்கடை வைத்திருக்கிறார். எனக்குப் பாதி வேண்டும் என்று கேட்டதும், "அப்பா இருக்கும்போதே வாய்மொழியாக எனக்குக் குத்தகைக்கு விட்டுவிட்டார், என்னை யாரும் வெளியேற்ற முடியாது" என்கிறார். தாசில்தாரிடம் பதிவுக்கு மனுவும் கொடுத்துவிட்டார். வயலில் வேலை பார்ப்பது அப்பா காலத்திலிருந்தே ஒரு குடும்பம்தான், அறுப்பு முடிந்ததும் அண்ணனுக்கு நெல் அளந்துவிட்டு மிச்சத்தை எடுத்துக்கொள்வார்கள், அது வேறு விஷயம். அண்ணனின் குத்தகையை எப்படி உடைப்பது? – வாசகி, சென்னை

பதில்: "அது வேறு விஷயம்" என்று எழுதியிருக்கிறீர்கள் பாருங்கள், உங்கள் கடிதத்தில் நான் திரும்பிப் போய்ப் படித்த இடம் அது ஒன்றுதான். மற்றதெல்லாம் எனக்குப் பழகிய கதை. தங்கை பங்கு கேட்டு வந்ததும் அண்ணன் குத்தகைதாரர் ஆகிவிடுவது நம் டெல்டாவில் புதிதில்லை.

1955ஆம் ஆண்டின் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம் யாரைக் காப்பாற்றுகிறது தெரியுமா? அடுத்தவர் நிலத்தில், எழுதியோ எழுதாமலோ ஓர் ஒப்பந்தத்தின் பேரில், தானோ தன் குடும்பத்தாரோ உடம்பு நோக உழைத்துப் பயிர் செய்கிறவரை. நடுவில் நின்று நெல்லை வாங்கிக்கொள்கிறவரை அது கணக்கில் சேர்ப்பதில்லை. கடைக் கல்லாவில் உட்கார்ந்திருக்கும் உங்கள் அண்ணன் கடைசியாக எப்போது சேற்றில் கால் வைத்தார்? தவிர, அப்பா போன பிறகு அவரும் அந்த நிலத்தின் உரிமையாளர்களில் ஒருவர். கூட்டுச் சொத்தை ஒருவர் அனுபவித்தால் அது எல்லோர் சார்பிலும்தான், மற்றவர் பங்கை நான் குத்தகைக்கு வைத்திருக்கிறேன் என்றால் அதை அவர்தான் நிரூபிக்க வேண்டும்.

சரி, அண்ணன் தோற்றார் என்று சந்தோஷப்பட்டுவிடாதீர்கள். அவரைத் தோற்கடிக்க நீங்கள் தாசில்தார் முன்னால் என்ன சொல்வீர்கள்? "இவர் உழவில்லை, அந்தக் குடும்பம்தான் உழுதது" என்றுதானே? கூலியாள் கூலி வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போவார், அளந்தது போக மிச்சத்தை எடுத்துக்கொள்ள மாட்டார். நீங்கள் எழுதியிருப்பது வாரச் சாகுபடி, விளைச்சலில் ஒரு பங்கை நிலக்காரருக்கு அளக்கிற முறை, அதாவது குத்தகை. அந்தக் குடும்பத்தில் உழுத அப்பாவுக்குப் பிறகு பிள்ளைகளும் அதே வயலில் உழைத்தால் உரிமை அவர்களுக்கும் தொடரும். அண்ணனை உடைக்க நீங்கள் எடுக்கும் கல், அந்தக் குடும்பத்துக்குச் சாட்சியாகப் போய் விழும். உங்கள் அண்ணன் அவசரமாக மனுப் போட்டதே உங்களுக்காக மட்டும்தானா என்று எனக்குச் சந்தேகம். 1969ஆம் ஆண்டுக் குத்தகை உரிமைப் பதிவேட்டுச் சட்டப்படி பதிவேட்டில் தன் பெயர் ஏறிவிட்டால், நாளைக்கு அவர்கள் வாய் திறந்தாலும் ஏற்கனவே ஒரு குத்தகைதாரர் இருக்கிறார் என்று காட்டலாமே.

இதில் நீங்கள் அண்ணனுக்குச் சளைத்தவர் இல்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். அப்பா காலத்திலிருந்து உங்கள் வீட்டுக்கு நெல் கொடுத்த குடும்பத்தை அரை வரியில் ஓரமாகத் தள்ளியிருக்கிறீர்கள். அவர்களிடம் பேசினீர்களா, நிலத்தைப் பிரித்தால் அவர்கள் கதி என்ன என்று ஒரு வார்த்தை உண்டா? 1952இல் தஞ்சை மாவட்டத்துக்கென்றே தனியாகக் குத்தகைதாரர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது எதனால் என்று நினைக்கிறீர்கள்? பெண்ணுக்குப் பங்கு கொடுக்காத அண்ணனை நான் மன்னிக்கமாட்டேன். உழுதவனைக் கணக்கிலேயே எடுக்காத தங்கைக்கும் என்னிடம் இரக்கம் கிடையாது.

அப்புறம் அந்தப் "பாதி". அம்மா உயிரோடு இருக்கும்போது பாதி எங்கிருந்து வந்தது? உயிலில்லாத சுயசம்பாத்தியச் சொத்து 1956ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி அம்மா, அண்ணன், நீங்கள் என்று மூன்று சமபங்கு (அப்பா இறந்தபோது அவருடைய அம்மா இருந்திருந்தால் அவருக்கும் உண்டு). ஆளுக்கு ஒரு ஏக்கர். அண்ணன் உங்களை மறந்தார், நீங்கள் இருவரும் சேர்ந்து அம்மாவை மறந்துவிட்டீர்கள்.

கிராம நிர்வாக அலுவலரிடம் போய் பழைய பசலிகளின் (வருவாய்த்துறை ஆண்டுகளின்) அடங்கல், அதாவது சாகுபடிப் பதிவேட்டின் நகல் கேளுங்கள், சாகுபடி யார் பெயரில் என்று பாருங்கள். கொள்முதல் நிலையத்தில் நெல் போட்ட பணம் யார் கணக்கில் ஏறியது, கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் யார் பெயரில் என்றும் விசாரியுங்கள். உரக்கடைக்காரரிடம் உரம் வாங்கிய பில்லுக்குப் பஞ்சமிருக்காது, அதைக் கண்டு பயப்படாதீர்கள், பில் உழாது. தாசில்தார் விசாரணையில் உங்கள் ஆட்சேபத்தை எழுத்தில் கொடுங்கள், உத்தரவு எதிராக வந்தால் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு உண்டு. பாகப் பிரிவினை வழக்கு சிவில் கோர்ட்டில் தனி. அதில் ஜெயித்து உங்கள் ஏக்கர் கைக்கு வந்தாலும், விற்றாலும்கூட, குத்தகை அதோடு சேர்ந்தே வரும்.

இதற்கெல்லாம் முன்னால் ஊருக்கு ஒரு பஸ் ஏறுங்கள். அந்த வீட்டுக்குப் போய் உட்கார்ந்து பேசுங்கள். அவர்கள் பெயரில் குத்தகையைப் பதிவு செய்ய நீங்களே சம்மதம் கொடுங்கள், நியாய வாரம் வாங்கிக்கொள்ளுங்கள், நிலத்தை விற்பதானால் முதலில் அவர்களிடம் கேளுங்கள். "அவர்களைக் கூலியாள் என்று எழுதிவிடலாம் மேடம்" என்று உங்கள் வக்கீல் சொன்னால், வேறு வக்கீலைப் பாருங்கள்.