தேர்தலில் தோற்றவர்களில் நீங்கள் மிகவும் மதிக்கும் ஒருவர் யார்? ஏன்?

ஹொரேஸ் கிரீலி. 1872-ல் அமெரிக்க அதிபர் தேர்தலில் யுலிசஸ் கிராண்டை எதிர்த்து நின்று தோற்றவர், நியூயார்க் டிரிப்யூன் பத்திரிகையைத் தொடங்கியவர். இந்தியாவில் ஆங்கிலேயர் ஆட்சி பற்றி கார்ல் மார்க்ஸ் 1853-ல் எழுதிய கட்டுரைகளை நம்மில் பலர் படித்திருப்போம். அவை முதலில் அச்சேறியது இவர் பத்திரிகையில்தான்.

நான் பல வருடம் அச்சகத்தில் புரூஃப் பார்த்தவன். கிரீலி மேல் எனக்குப் பிடிப்பு வந்ததும் அந்த வழியாகத்தான். நியூ ஹாம்ப்ஷயரில் 1811-ல் பிறந்தார். அப்பாவின் நிலம் கடனில் போய், குடும்பமே வெர்மான்ட்டுக்கு ஓட வேண்டியதாயிற்று. 15 வயதில் ஒரு கிராமத்துப் பத்திரிகை அச்சகத்தில் வேலை கற்கச் சேர்ந்தார். 20 வயதில் பத்து டாலர் போலக் கையில் வைத்துக்கொண்டு நியூயார்க் வந்து இறங்கினார். அங்கே கிடைத்த முதல் வேலை, பைபிளின் புதிய ஏற்பாட்டை ஒரு சின்னஞ்சிறு புத்தகமாக அச்சுக்கோப்பது: பக்கத்துக்கு இரண்டு பத்தி, நடுவில் ஒடுக்கமாக ஓடும் குறிப்புகள், எல்லாம் பொடி எழுத்து. மற்ற கம்பாசிட்டர்கள், அதாவது எழுத்துக் கோப்பவர்கள், கொஞ்ச நேரம் கோத்துப் பார்த்துவிட்டு வேண்டாம் என்று போய்விட்ட வேலை. பொடி எழுத்தில் குறிப்பு கோத்தவர்களுக்குத் தெரியும், ஒரு வரியை ஸ்டிக்கில், அதாவது கையில் பிடிக்கும் கோப்புச் சட்டத்தில், இறுக்கி நிறுத்துவதற்குள் கண் பூத்துவிடும். அவர் உட்கார்ந்து முடித்தார். பிற்பாடு, 1850-ல் நியூயார்க் அச்சுத் தொழிலாளர்கள் சங்கம் தொடங்கியபோது, பத்திரிகை முதலாளியான அவரையே முதல் தலைவராக வைத்தார்கள் என்றால் காரணம் இல்லாமல் இல்லை.

டிரிப்யூன் 1841 ஏப்ரல் 10-ல் வந்தது. ஆயிரம் டாலர் கடன், விலை ஒரு சென்ட். 1860 வாக்கில் அதன் வாரப் பதிப்பு மட்டும் இரண்டு லட்சம் பிரதி போனது.

நடுவே மூன்று மாதம் அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸில் உறுப்பினராகவும் இருந்தார், காலியான ஓர் இடத்துக்கு. அந்த மூன்று மாதத்தில் அவர் செய்த காரியம் ஒன்றைச் சொல்ல வேண்டும். உறுப்பினர்களுக்குப் பயணப்படி 20 மைலுக்கு 8 டாலர். பலர் சுற்றுவழிக் கணக்கைக் காட்டிப் பணம் வாங்கிவந்தார்கள். கிரீலி தபால் போகும் குறுக்குவழித் தூரத்தை எடுத்து, ஒவ்வொருவரும் வாங்கிய அதிகப்படியைப் பெயர் போட்டு 1848 டிசம்பரில் தன் பத்திரிகையில் பட்டியலாக வெளியிட்டார். அதில் ஆபிரகாம் லிங்கன் என்ற புது உறுப்பினரும் இருந்தார்: 780 மைலுக்கு 1,626 மைல், போக வர அதிகப்படி 676 டாலர் 80 சென்ட். அப்புறம் சபையில் கிரீலியிடம் யார் முகம் கொடுத்துப் பேசியிருப்பார்கள்?

அவர் செய்ததெல்லாம் சரி என்று சொல்ல மாட்டேன். 1861-ல் அடிமைமுறையை விடாத தெற்கு மாநிலங்கள் பிரிந்துபோய் வடக்கோடு உள்நாட்டுப் போர் மூண்டபோது, தெற்கின் தலைநகரான 'ரிச்மண்டுக்கு முன்னேறு' என்று அவர் பத்திரிகை விடாமல் முழங்கியது. தயாராகாத வடக்குப் படை புறப்பட்டுப் போய் புல் ரன் என்ற இடத்தில் அடிவாங்கியது. அந்தப் பழியில் அவருக்குப் பங்கு உண்டு. ஆனால் அடிமைமுறையை ஒழிக்கச் சொல்லி 1862-ல் லிங்கனுக்கே பகிரங்கக் கடிதம் எழுதியவரும் அவர்தான்.

நான் அவரை மதிப்பது 1867-க்காக. தோற்ற தெற்கு மாநிலங்களின் தலைவர் ஜெஃபர்சன் டேவிஸ் இரண்டு வருடமாக விசாரணையே இல்லாமல் சிறையில் கிடந்தார். வழக்கு நடத்து, இல்லையென்றால் வெளியே விடு என்றார் கிரீலி. அதோடு நிற்கவில்லை. மே மாதம் ரிச்மண்ட் நீதிமன்றத்துக்கு நேரில் போய், ஒரு லட்சம் டாலர் ஜாமீன் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டவர்களில் ஒருவரானார். வாழ்நாள் முழுக்க அடிமைமுறையை எதிர்த்தவர், அதைக் காப்பாற்றப் போர் நடத்தியவருக்கு ஜாமீன்! வடக்கில் வீட்டுக்கு வீடு மகனைப் பறிகொடுத்திருந்த நேரம் அது, வாசகர்களின் கோபத்தை என்னால் குறை சொல்ல முடியாது. ஆயிரக்கணக்கில் சந்தாவை நிறுத்தினார்கள். போரைப் பற்றி அவர் எழுதிய இரண்டு பாகப் புத்தகத்தின் விற்பனை படுத்துவிட்டது. அவர் உறுப்பினராக இருந்த, வடக்கின் ஆதரவாளர்கள் கூடும் யூனியன் லீக் கிளப்பில் கண்டனக் கூட்டம் போட்டார்கள். வர மாட்டேன் என்று சொன்னதோடு, நீங்கள் குறுகிய புத்திக்காரர்கள் என்று எழுதியும் அனுப்பினார்.

சரி, தேர்தலுக்கு வருகிறேன். கிராண்ட் ஆட்சியின் ஊழலில் வெறுத்துப்போன, கிராண்டின் சொந்தக் கட்சியான குடியரசுக் கட்சிக்காரர்கள் சிலர் கிரீலியை நிறுத்தினார்கள். அவர் முப்பது வருடம் திட்டித் தீர்த்த ஜனநாயகக் கட்சியும் வேறு ஆள் இல்லாமல் அவரையே ஏற்றுக்கொண்டது. தெற்கோடு சமாதானம் என்றுதான் பேசினார். டேவிஸுக்குப் போட்ட கையெழுத்தைத் தோண்டி எடுத்துக் கேலிச்சித்திரமாகப் போட்டுத் தள்ளினார்கள். பிரசாரத்தின் கடைசிக் கட்டத்தில் மனைவி மேரி படுத்த படுக்கையானார். கூட்டங்களை விட்டுவிட்டு அவர் பக்கத்தில் ராத்திரி ராத்திரியாகக் கண்விழித்தார். மேரி அக்டோபர் 30-ல் இறந்தார். ஏற்கெனவே ஏழு குழந்தைகளில் ஐந்தைப் பறிகொடுத்திருந்த மனிதர். நவம்பர் 5-ல் தேர்தல், ஆறு மாநிலங்கள்தான் அவர் பக்கம். பத்திரிகையும் கையை விட்டு நழுவிக்கொண்டிருந்தது. நவம்பர் 29-ல் அவரும் போய்விட்டார்.

இறுதிச் சடங்குக்கு கிராண்டே வந்தார். அமெரிக்காவில் மக்கள் ஓட்டால் தேர்வாகும் தேர்வாளர்கள்தான் பிறகு அதிபரை முறைப்படி தேர்ந்தெடுப்பார்கள்; கிரீலிக்காகத் தேர்வான 66 பேர் இன்னும் ஓட்டுப் போட்டிருக்கவில்லை. பெரும்பாலோர் வேறு பெயர்களுக்கு மாறிக்கொண்டார்கள். மூன்று பேர் மட்டும், ஆள் இல்லை என்று தெரிந்தும், அவர் பெயரையே எழுதினார்கள். செல்லாது என்று காங்கிரஸ் தள்ளிவிட்டது. மூவரும் ஜார்ஜியாக்காரர்கள், தெற்கு.