ஆபரேட்டர் பதில்கள்

கேள்வி: ஒரே ஒரு சர்ச்சைப் படத்துக்காக மட்டும் நினைவில் நிற்கும் நடிகை யாராவது உண்டா? தமிழ் நடிகை வேண்டாம், எங்கள் வீட்டில் சண்டை வருகிறது.
– வாசகி ஒருவர், தண்டையார்பேட்டை

பதில்: இருக்கிறாரம்மா. ஜெர்மனியில் லைப்ஸிக் ஊர்க்காரர், ஹெர்தா தீலே. எண்பதுகளில் நான் வண்ணாரப்பேட்டையில் ஒரு தியேட்டரில் ஆபரேட்டர். ஞாயிறு காலையில் பிலிம் சொசைட்டிக்காரர்கள் கூப்பிட்டால் 16 எம்.எம். புரொஜெக்டர் ஓட்டப் போவேன். டிபனும் இருபது ரூபாயும் கிடைக்கும். அப்படி ஓட்டியதுதான் 1931இல் வந்த 'மேட்சன் இன் யுனிஃபார்ம்'. சீருடைப் பெண்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். இயக்கியவர் லியோன்டீன் ஸாகன். நடித்தவர்கள் எல்லாரும் பெண்கள். ஓர் ஆம்பளை வேஷம்கூடக் கிடையாது.

தாயில்லாப் பிள்ளை மானுவேலாவாக வருவது தீலே. அவளைப் பட்டாளக் கண்டிப்புள்ள ஒரு ஹாஸ்டலில் சேர்க்கிறார்கள். ராத்திரி டீச்சர் ஒவ்வொரு பிள்ளைக்கும் நெற்றியில் முத்தம் கொடுத்துக்கொண்டே வருகிறார். இவளுக்கு மட்டும் உதட்டில். சர்ச்சை என்றால் எல்லாரும் இதைத்தான் சொல்வார்கள். எனக்கு மறக்காதது வேறு. இவளுடைய உள்சட்டை கிழிந்து கிடக்கிறது. டீச்சர் தன்னுடையதில் ஒன்றை எடுத்துக் கொடுக்கிறார். பிள்ளை உடைந்து அழுகிறது. என் அக்காவுக்குக் காசிமேட்டில் ஒரு டீச்சர் பழைய தாவணி ஒன்று கொடுத்தார். அது நைந்துபோன பிறகும் அம்மாவைத் தொடவிட மாட்டாள், தலையணைக்குக் கீழேயே வைத்திருப்பாள். அதனாலோ என்னவோ, அந்த அழுகைக்கு எனக்கு சப்டைட்டில் தேவைப்படவில்லை.

கடைசியில் குதித்துவிடலாம் என்று உயரமான மாடிப்படியில் ஏறிவிடுகிறாள். பிள்ளைகள் "மானுவேலா, மானுவேலா" என்று தேடுகிறார்கள். ரீல் தீர்ந்து வால் பட்பட்டென்று அடிக்கிறது, நான் மரம் மாதிரி நிற்கிறேன். கூட்டம் கத்திய பிறகுதான் லைட்டைப் போட்டேன். (பிள்ளையைக் காப்பாற்றிவிடுவார்கள், பயப்படாதீர்கள்.)

இன்னொரு வேடிக்கை: டீச்சராக வந்த டோரோதேயா வீக், மாணவியாக வந்த தீலே இரண்டு பேரும் 1908இல் பிறந்தவர்கள். நாலு மாதம்தான் வித்தியாசம்!

ஒரே படம் என்பதும் முழு நியாயம் இல்லை. ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்ட் எழுத்தில் பங்குகொண்ட 'கூலே வாம்பே'யிலும் (1932) தீலே உண்டு. அதில் இவருக்குத் தம்பியாக வருபவன் வேலை கிடைக்காமல், ஜன்னலில் குதிக்குமுன் கைக்கடிகாரத்தைக் கழற்றிப் பத்திரமாக வைத்துவிட்டுக் குதிப்பான். அந்தப் படத்துக்குத் தடையே விழுந்தது.

அப்புறம் நாஜிகள். அவர்களோடு இவர் ஒத்துப்போகவில்லை. 1936இல் சினிமா, நாடக அமைப்புகளிலிருந்து நீக்கிவிட்டார்கள். அதில் உறுப்பினர் இல்லையென்றால் அங்கே நடிக்க முடியாது. மறு வருஷம் சுவிட்சர்லாந்து போனார். மனநல ஆஸ்பத்திரியில் உதவி நர்ஸ் வேலைகூடப் பார்த்தார். 1966இல் கிழக்கு ஜெர்மனி திரும்பி டி.வி.யில் நடித்தார். 1984இல் காலமானார்.

கேள்வி: தியேட்டரில் ஆபரேட்டர் படம் பார்ப்பாரா?
– வாசகர் ஒருவர், ராயபுரம்

பதில்: எங்கள் காலத்தில் கார்பனைத்தான் பார்ப்பார். இரண்டு கார்பன் குச்சிக்கு நடுவில் எரியும் வெளிச்சத்தில்தான் அப்போது படம் ஓடும். இடைவெளி கூடினால் திரை மங்கும், கீழே விசில் பறக்கும்.