வீட்டுச் சுவருக்குள் இருக்கும் கேட் 5இ (Cat 5e) நெட்வொர்க் கேபிளில் 1 ஜிபிபிஎஸ்ஸுக்கு (நொடிக்கு 100 கோடி பிட்) மேல் வேகம் கிடைக்குமா, இல்லை எல்லாவற்றையும் மாற்ற வேண்டுமா?

மாற்ற வேண்டாம். பெங்களூரில் பல வருடங்களாக நெட்வொர்க் கேபிள் இழுக்கும் வேலை செய்கிறேன். கேபிள் நல்ல செம்பாக இருந்து, முனைகள் ஒழுங்காக இருந்தால், அதே கேட் 5இ-யில் 100 மீட்டர் வரைக்கும் 2.5 ஜிபிபிஎஸ் போகும். அந்த வேகத்துக்கான தரநிலை 2016-லேயே வந்துவிட்டது. ரவுட்டர் அல்லது சுவிட்ச், அப்புறம் உங்கள் கணினி, இரண்டு பக்கமும் 2.5 போர்ட் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

பழைய கம்பியில் புது வேகம் எப்படி என்று சந்தேகம் வரும். ஈத்தர்நெட் என்கிற இந்தக் கம்பிவழி நெட்வொர்க் முறை முதலில் ஓடியது, டிவி கேபிள் மாதிரியான தடித்த கோஆக்சியல் கேபிளில். ஆபீஸ் முழுக்க ஒரே கேபிள். ஒரு இடத்தில் கனெக்டர் லூசானால் எல்லாருக்கும் நெட் போய்விடும். 1990-ல் 10 எம்பிபிஎஸ் வேகத்துக்கான 10பேஸ்-டி வந்தபோதுதான் டெலிபோன் கம்பி மாதிரியான முறுக்குக் கம்பிக்கு மாறினார்கள். ஆளுக்கொரு கேபிள், நடுவில் எல்லாவற்றையும் இணைக்க ஹப் என்று ஒரு பெட்டி. கேபிளுக்குள் இருக்கும் நான்கு ஜோடிக் கம்பியில் இரண்டுக்குத்தான் வேலை: அனுப்ப ஒன்று, வாங்க ஒன்று. 1995-ல் 100 எம்பிபிஎஸ் வந்தபோதும், பரவலான 100பேஸ்-டிஎக்ஸில் அதே இரண்டு ஜோடிதான்.

எனக்கு மிகவும் பிடித்தது 1999-ல் வந்த ஜிகாபிட். நான்கு ஜோடிகளையும் எடுத்துக்கொண்டார்கள். ஒவ்வொரு ஜோடியிலும் இரண்டு பக்கமும் ஒரே நேரத்தில் பேசும். தான் அனுப்பிய சிக்னலைத் தானே கழித்துவிட்டு, மிச்சம் இருப்பதை எதிர்ப்பக்கத்துப் பேச்சாக எடுத்துக்கொள்ளும். ஒரு ஜோடியில் நொடிக்கு 12.5 கோடி துடிப்பு. 100 எம்பிபிஎஸ்ஸிலும் இதே கணக்குத்தான்! கம்பியை விரட்டவே இல்லை, இரண்டு முனையிலும் இருக்கிற சிப்தான் கெட்டிக்காரத்தனமாக ஆனது.

கம்பியே போதாமல் போனது 2006-ல், 10 ஜிகாபிட்டுக்கு. துடிப்பு 80 கோடி. 100 மீட்டர் போக கேட் 6ஏ என்ற மேம்பட்ட கேபிள் வேண்டும். பக்கத்துக் கேபிளிலிருந்து கசியும் இரைச்சல்கூட அந்த வேகத்தில் தொந்தரவு. ஆனால் கட்டடம் கட்டடமாக கேட் 5இ கிடக்கிறது, வைஃபை பெட்டிகளோ ஒரு ஜிகாபிட்டைத் தாண்டிவிட்டன. அதனால் 10 ஜிகாபிட் முறையையே எடுத்து, துடிப்பை நான்கில் ஒரு பங்காக, 20 கோடியாகக் குறைத்தார்கள். அதுதான் உங்களுக்குக் கிடைக்கப் போகும் 2.5.

சரி, இனி உங்கள் வீட்டுக்கு வருவோம். போன வருடம் அல்சூரில் ஒரு அக்கா கூப்பிட்டார். 1 ஜிபிபிஎஸ் பிளான் போட்டிருக்கிறார், ஸ்பீடு டெஸ்ட் 94-ஐத் தாண்டவில்லை. முதலில் வந்து பார்த்தவர், சுவரைக் கொத்திப் புதுக் கேபிள் போட வேண்டும் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். "தம்பி, போன மாசம்தான் பெயின்ட் அடிச்சோம்" என்றார் அக்கா. 94 என்ற எண்ணைக் கேட்டதுமே, லிங்க் 100-க்கு இறங்கி நிற்கிறது என்று புரிந்தது. ஹால் ஜாக்கைக் கழற்றினேன். முன்பு மாட்டியவர் உறையைச் சீவும்போது பிளேடு பட்டு, பிரவுன் கம்பி அறுந்து தொங்கியது; நான்கு ஜோடியும் இல்லாமல் ஜிகாபிட் ஓடாது. மற்ற ஜோடிகளும் இரண்டு அங்குலத்துக்கு முறுக்குப் பிரிந்து கிடந்தன. வெட்டி, அரை அங்குலத்துக்கு மேல் பிரிக்காமல் திரும்பவும் ஜாக்கில் அழுத்திப் பொருத்தினேன். ஸ்பீடு டெஸ்ட் 940 காட்டியது.

முறுக்குக்கு இவ்வளவு முக்கியத்துவம் ஏன் என்றால், முறுக்கியிருப்பதால்தான் வெளியிலிருந்து வரும் இரைச்சல் ஜோடியின் இரண்டு கம்பியிலும் ஒரே அளவில் ஏறும். சிப் இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தை மட்டும் பார்ப்பதால் அது கழிந்துபோகும். 1881-லேயே கிரகாம் பெல் டெலிபோனுக்காக இந்த முறுக்கு ஜோடிக்குக் காப்புரிமை வாங்கிவிட்டார். ஒரே கேபிளில் ஜோடிக்கு ஜோடி முறுக்கின் நெருக்கமும் வேறு வேறு. உறையைச் சீவினால் கண்ணாலேயே பார்க்கலாம்.

அதனால் முதலில் ஜாக்குகளைத் திறந்து பாருங்கள். ஒரு கம்பியின் நுனியைப் பிளேடால் சுரண்டுங்கள். உள்ளே வெள்ளையாகத் தெரிந்தால் அது செம்பு பூசிய அலுமினியம், அதை மட்டும் தயங்காமல் மாற்றுங்கள். அதற்கும் சுவரை உடைக்க வேண்டியதில்லை. பைப்புக்குள் ஓடினால், பழைய கேபிள் முனையில் புதியதைக் கட்டி இழுத்தாலே பெரும்பாலும் வந்துவிடும். பெங்களூர் எஸ்.பி. ரோட்டு எலக்ட்ரானிக்ஸ் கடைகளில் வாங்கப் போனால், முழுச் செம்பு என்று உறையிலேயே அச்சடித்த கேட் 6ஏ கேளுங்கள்.