லெஃப்ட் பேக் ஆடுற பையனோட அம்மாவுக்கு

அக்கா, நேத்து போன்ல பாதி அழுகை பாதி கோவமா நீங்க சொன்னதுல எனக்கு தெளிவா புரிஞ்சது ரெண்டு விஷயம் தான், தம்பி ப்ளஸ் ஒன் புக்கை மூடி வச்சுட்டான், ஃபுட்பால்ல டிஃபென்டர், அதாவது எதிர் டீம் கோல் போடாம தடுக்குறவன், ஆகியே தீருவேன்னு நிக்கிறான். கோலே போடாத ஆளா ஆகுறதுக்கு எதுக்குடா படிப்பை விடணும்னு அண்ணன் கேட்டாராமே, எனக்கு சிரிப்பு வந்துடுச்சு, ஆனா அது கேக்க வேண்டிய கேள்வி தான்.

கோல் போடாதவன் பொழப்பு எப்படி ஓடும்னு ஒரு ஆளை வச்சே சொல்றேன். ஆண்ட்ரூ ராபர்ட்சன், ஸ்காட்லாந்துல கிளாஸ்கோக்காரர், தம்பி மாதிரியே லெஃப்ட் பேக், இடது ஓரத்துல நிக்கிற டிஃபென்டர். செல்டிக் கிளப்புல வளர்ந்தவரு, 15 வயசுல ஆள் குள்ளமா இருக்கான்னு அனுப்பிட்டாங்க. அடுத்து போனது குயின்ஸ் பார்க், நாலாவது டிவிஷன், அமெச்சூர் கிளப், அப்போ ஆடுறதுக்கு சம்பளமே கிடையாது. கொடுமை என்னன்னா அப்போ அவங்க ஹோம் கிரவுண்ட் ஹாம்ப்டன் பார்க், 50,000 பேர் உக்கார்ற நேஷனல் ஸ்டேடியம், இவங்க மேட்சுக்கு வர்றது சில நூறு பேர் தான். அதே ஸ்டேடியத்துல இவரு பகல்ல போன் எடுத்து டிக்கெட் விக்கிற வேலையும் பாத்தாரு. 2012 ஆகஸ்ட்ல, இந்த வயசுல கையில காசில்லாம இருக்குறது கேவலமா இருக்கு, வேலை வேணும்னு ட்விட்டர்லயே புலம்பியிருக்காரு, அப்போ வயசு 18.

2013ல ஸ்காட்லாந்து கிளப் டண்டீ யுனைடெட் எடுத்தாங்க, 2014 மார்ச்ல ஸ்காட்லாந்து நாட்டு டீம், அதே வருஷம் இங்கிலாந்து கிளப் ஹல் சிட்டி 28.5 லட்சம் பவுண்ட் குடுத்து வாங்குச்சு. புலம்பி ரெண்டு வருஷம் கூட ஆகல. அங்க போயும் டீம் ரெண்டு தடவ கீழ் டிவிஷனுக்கு இறங்குச்சு, 2017ல லிவர்பூல் 80 லட்சம் பவுண்டுக்கு எடுத்துட்டு பெஞ்ச்ல உக்கார வச்சாங்க, டிசம்பர்ல இன்னொரு லெஃப்ட் பேக்குக்கு அடிபட்டப்ப தான் இடமே கிடைச்சுது. அடுத்த மாசம் மான்செஸ்டர் சிட்டியோட மேட்ச், அந்த வீடியோவை நீங்களும் அண்ணனும் ஒரு தடவ பாருங்க. தன்னோட இடத்தை விட்டுட்டு, பந்து யார்கிட்ட போகுதோ அவங்களை ஒவ்வொருத்தரா துரத்திகிட்டே கோல்கீப்பர் வரைக்கும் ஓடுறாரு, கடைசில பந்தும் கிடைக்கல, ஃபவுல் தான் ஆச்சு, ஆனா மொத்த ஸ்டேடியமும் எந்திரிச்சு கத்துது. டிஃபென்டருக்கு பேர் கிடைக்கிறது இப்படித்தான், ஸ்கோர்போர்டுல வராது. அப்புறம் 2019ல ஐரோப்பா கிளப்புகளோட பெரிய கப்பு சாம்பியன்ஸ் லீக், 2020ல இங்கிலாந்தோட பிரீமியர் லீக், நாட்டு டீமுக்கு கேப்டன், எல்லாம் வந்துச்சு.

இதைக் காட்டி தம்பி நாளைக்கே டிசி வாங்க கிளம்பிடுவான், அதனால மறுபக்கத்தையும் சொல்லிடுறேன். செல்டிக் அனுப்பின மத்த பசங்க பேர் நமக்கு தெரியாது அக்கா, அது தான் விஷயம். நம்ம ஊர்லயும் 2025 ஜூலைல ஐஎஸ்எல், அதான் இந்தியாவோட பெரிய ஃபுட்பால் லீக், புது சீசனை நிறுத்தி வைக்கிறோம்னு சொன்னாங்க, சில கிளப்புல பிளேயர்ஸ் சம்பளமே நின்னு போச்சு. நம்ம இந்தியா டீம் டிஃபென்டர் சந்தேஷ் ஜிங்கனுக்கு 2019 அக்டோபர்ல முட்டில லிகமென்ட் கிழிஞ்சு ஒரு சீசன் முழுக்க போச்சு, அவரு பெரிய பிளேயர், பாத்துக்க ஆள் இருந்துச்சு, 17 வயசு பையனுக்கு அப்படி ஆனா ஆபரேஷன் செலவு யார் தலைல விழும்னு யோசிச்சுக்கோங்க. அதான் எந்த அகாடமி பேப்பர்ல கையெழுத்து போடுறதுக்கு முன்னாடியும் நான் முதல்ல கேக்க சொல்றது காயம் பட்டா யார் பில் கட்டுவாங்கன்னு தான், ஹாஸ்டல் சாப்பாடெல்லாம் அப்புறம். ட்ரையல்ஸ்க்கு கூட்டிட்டு போறேன் பணம் கட்டுங்கன்னு எவனாவது வந்தா வாசல்லயே அனுப்பிடுங்க, என்கிட்ட வந்த ஒரு வீட்ல நகையை அடகு வச்சு கட்டிட்டு இப்ப வட்டி கட்டிகிட்டு இருக்காங்க.

தம்பிக்கு நல்ல செய்தியும் இருக்கு, இடது கால் ஆட்டக்காரன் எந்த ஊர்லயும் கம்மி, அதுலயும் டிஃபென்டர் லேட்டா தான் பழுக்குறான், ஸ்ட்ரைக்கர் மாதிரி 18லயே மின்னணும்னு இல்ல, முப்பதுக்கு மேலயும் நல்லா ஆடுவாங்க. அப்போ ப்ளஸ் டூ முடிக்கிற ரெண்டு வருஷத்துல எந்த ரயிலும் போயிடாது. படிச்சா ஆட்டம் கெட்டுடும்னு சொன்னான்னா கியெல்லினி பேரை சொல்லுங்க, இத்தாலி கேப்டனா இருந்த டிஃபென்டர், யுவென்டஸ் கிளப்புக்கு ஆடிகிட்டே டூரின் யுனிவர்சிட்டில 2010ல எகனாமிக்ஸ் டிகிரி, 2017ல பிசினஸ் மாஸ்டர்ஸ் முடிச்சாரு, அந்த வருஷமெல்லாம் உலகத்துலயே கஷ்டமான டிஃபென்ஸ் வேலை பாத்துகிட்டு.

நம்ம பக்கம் நடைமுறைய சொல்றேன், சென்னை லீக்ல ஐசிஎஃப், சதர்ன் ரயில்வே, இந்தியன் பேங்க்னு ஆபீஸ் டீம்கள் ஆடுது, விளையாட்டு கோட்டால வேலை, தமிழ்நாடு அரசு வேலைல 3 சதவீதம் ஒதுக்கீடும் இருக்கு. ஆனா அங்க போறப்ப கப்பு, மெடல், பேப்பர்ல வந்த போட்டோ ஒண்ணும் செல்லாது, எந்த லெவல்ல ஆடுனான்னு காட்டுற ஃபார்ம்ங்கிற சர்டிஃபிகேட்டை கேப்பாங்க. ஸ்டேட்டுக்காக நேஷனல் ஆடுனா ஃபார்ம் 2, யுனிவர்சிட்டிக்கு ஆடுனா ஃபார்ம் 3, ஸ்கூல் நேஷனல்ஸ்னா ஃபார்ம் 4. யுனிவர்சிட்டி டீம்ல ஆடணும்னா காலேஜ் சேரணும், காலேஜ் சேரணும்னா ப்ளஸ் டூ, இந்த ஒரு வரியை அவன்கிட்ட சொல்லிப் பாருங்க, நான் சொன்னேன்னு சொல்லாதீங்க. இந்திய ஃபுட்பால் சங்கம் ஏஐஎஃப்எஃப்ல சிஆர்எஸ் நம்பர், அதாவது பிளேயர் பதிவு நம்பர், வாங்கியாச்சான்னும் கோச்கிட்ட கேளுங்க, பிறந்த தேதில கை வைக்கிற வேலை மட்டும் வேணவே வேணாம்.

சனிக்கிழமை பத்து மணிக்கு வாங்க, மெடலெல்லாம் வீட்லயே இருக்கட்டும், சர்டிஃபிகேட் ஃபைலும் போன பரீட்சை மார்க் ஷீட்டும் போதும். அண்ணனையும் இழுத்துட்டு வாங்க, அந்த வீடியோவை என் சிஸ்டம்லயே போட்டு காட்டுறேன், கோல் கேள்விக்கு தம்பியே பதில் சொல்லட்டும்.